சிறு உணவு, பானத் தயாரிப்பாளர்களின் 2025: செயலாளர் அறிக்கை, கிருஷ்ணகிரி

தலைவர் அவர்களுக்கும், நிர்வாகக் குழுவினருக்கும், வேலை நாளில் அடுப்பை அணைத்துவிட்டு வந்திருக்கும் உறுப்பினர்கள் எல்லோருக்கும் வணக்கம்.

2025 ஜனவரி முதல் டிசம்பர் வரையிலான சங்க நடவடிக்கைகளைப் பொதுக்குழு முன் வைக்கிறேன். எந்தக் கூட்டத்துக்கு யார் வந்தார்கள், யார் வரவில்லை என்பதெல்லாம் மினிட் புத்தகத்தில் இருக்கிறது. மேசையில் வைத்திருக்கிறோம், வேண்டியவர்கள் பார்த்துக்கொள்ளலாம். போன வருட அறிக்கை இழுத்துக்கொண்டே போனது என்று பலர் சொன்னீர்கள். இந்த முறை மாங்காய்க்குத்தான் நேரம் எடுத்துக்கொள்ளப் போகிறேன், மற்றதெல்லாம் சுருக்கம்.

பழையபேட்டையில் முறுக்கு, தட்டுவடை போட்டுக்கொண்டிருந்த நம் மூத்த உறுப்பினர் இந்த ஆண்டு காலமானார். சங்கம் தொடங்கிய நாளிலிருந்து சந்தாவைக் கேட்காமலே கொண்டுவந்து கட்டிய ஒரே ஆள் அவர்தான். அவர் குடும்பத்துக்குச் சங்கத்தின் சார்பில் இரங்கல் தெரிவித்தோம். கடையை இப்போது அவருடைய மருமகள் நடத்துகிறார். உறுப்பினராகவும் சேர்ந்திருக்கிறார்.

சரி, மாங்காய்க்கு வருவோம்.

2024-இல் வெயில் கடுமையாக இருந்ததில் மாம்பூ கருகி விளைச்சல் குறைந்தது. காய் கிடைக்காமல் ஒருவருக்கொருவர் போட்டி போட்டு, ஏறிய விலைக்கு வாங்கி அரைத்தோம். அப்படி அரைத்த கூழ் விற்றுத் தீருவதற்குள் 2025 சீசன் வந்துவிட்டது. இந்த முறை மரம் தாங்காத அளவுக்குக் காய். சந்தூர், போச்சம்பள்ளி, பர்கூர் பக்கமெல்லாம் கூழுக்குப் போகும் பெங்களூரா, அதாவது கிளிமூக்கு மாங்காய், கொத்துக் கொத்தாகத் தொங்கியது. ஆனால் பல்ப் (மாங்கூழ்) கம்பெனிகளின் குடோனில் போன வருட டிரம்கள் அப்படியே அடுக்கியிருந்தன. டிரம் காலியாகாமல் புதுக் காயை வாங்கி எங்கே வைப்பது? பெங்களூராவைச் சாப்பிடுவதற்கென்று கூடை கூடையாக யாரும் வாங்குவதில்லை. கம்பெனி வாங்கவில்லையென்றால் அது தோப்பிலேயே கிடக்க வேண்டியதுதான். கிலோ ஐந்து ரூபாய்க்குக்கூட ஆளில்லாமல் போனதை எல்லோரும் பார்த்தோம். பறிக்கிற கூலியும் வண்டி வாடகையும் அதைவிட அதிகம். உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்குகூட மிஞ்சாது என்பார்கள், இந்த முறை பறிக்காமல் விட்டவன்தான் நஷ்டத்தைக் குறைத்துக்கொண்டான்.

கம்பெனிகள் ஏன் வாங்கவில்லை என்பதற்கு விவசாயிகள் சங்கத்தில் ஒரு காரணம் சொல்கிறார்கள்: கம்பெனிக்காரர்கள் கூடிப் பேசி விலையை அடிக்கிறார்கள் என்று. அதில் உண்மையே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். பெரிய ஆலைகள் என்ன பேசிக்கொள்கின்றன என்று நம்மிடம் சொல்வதில்லை. ஆனால் டிரம் நகராததற்கு வேறு காரணங்களும் உண்டு. நம் கூழில் பெரும்பகுதி சவுதி, ஏமன், நெதர்லாந்து என்று கப்பல் ஏறிப் போவது. 2023 கடைசியிலிருந்து செங்கடல் வழியில் கப்பல்கள் தாக்கப்பட்டதால் ஐரோப்பா போகும் கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போயின. வாடகை கூடியது, நாளும் கூடியது. உள்நாட்டில் என்றால், 2025-இல் தென்மேற்குப் பருவமழை மே 24-ஆம் தேதியே கேரளாவில் இறங்கிவிட்டது. 2009-க்குப் பிறகு இவ்வளவு சீக்கிரம் வந்ததில்லை. கோடை மழையும் விடவில்லை. கூல்டிரிங்ஸ் விற்க வேண்டிய மாதத்தில் ஜனங்கள் குடை பிடித்துக்கொண்டு டீ குடித்தார்கள்.

மழை இன்னொரு வேலையும் செய்தது. காவேரிப்பட்டணம் பக்கம் நம் உறுப்பினர் ஒருவரின் யூனிட்டில் ஜூன் கடைசியில் நின்றுகொண்டிருந்தேன். பெண்கள் வரிசையாக உட்கார்ந்து காம்பை அரிந்து பழத்தைப் பெல்ட்டில் விடுகிறார்கள், கொட்டை தனியாகத் தோல் தனியாக விழுகிறது, மறுபக்கம் மஞ்சளாகக் கூழ் இறங்குகிறது. பார்க்க எல்லாம் சரியாகத்தான் இருந்தது. லேப் பையன் இனிப்பை அளக்கும் ரிஃப்ராக்டோமீட்டர் கண்ணாடியில் ஒரு சொட்டு வைத்து வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தான். 12 பிரிக்ஸ், இனிப்பின் அளவு அது. வாங்குபவர் கேட்பது 14-க்குக் குறையாமல். மழைத் தண்ணீர் குடித்த காய்க்கு அவ்வளவுதான் இனிப்பு. சர்க்கரையைப் போட்டு ஏற்றினால் அது கூழ் இல்லை, மோசடி. ஆவியில் வற்றவைத்துக் கெட்டியாக்கினால் பாய்லருக்கு விறகுச் செலவு. அவர் இரண்டும் செய்யாமல் பழம் இன்னும் இரண்டு நாள் பழுக்கட்டும் என்று எத்திலீன் அறையிலேயே விட்டுவைத்தார். அதற்குள் ஒரு பகுதி அழுகி வெளியே போனது.

ஆந்திராவில் அரசு தலையிட்டுக் கிலோவுக்கு 12 ரூபாய் என்று நிர்ணயித்தது. ஆலைக்காரர் 8 ரூபாய், அரசு 4 ரூபாய். கூடவே சித்தூர் மாவட்டத்தில் வெளிமாநிலப் பெங்களூரா வண்டிகளை எல்லையில் நிறுத்திவிட்டார்கள். நம் பக்கத்துக் காய் வழக்கமாகக் குப்பம் வழியாக அங்கே போகும். அந்த வழியும் அடைபட்டது. நம் மாநில அரசும் சந்தைத் தலையீட்டுத் திட்டத்தில் உதவி கேட்டு மத்திய அரசுக்கு எழுதியது. நாமும் விவசாயிகளோடு சேர்ந்து ஆட்சியர் அலுவலகத்தில் திங்கள்கிழமை மனு கொடுத்தோம். ஒரே மனுவில் வாங்குபவனும் விற்பவனும் கையெழுத்துப் போட்டதை அங்கிருந்த ஊழியர்களே ஆச்சரியமாகப் பார்த்தார்கள்.

இங்கே ஒரு கணக்கைச் சொல்ல வேண்டும். பழச்சாறு பானம் என்று விற்க உணவுப் பாதுகாப்பு விதிப்படி குறைந்தது 10 சதவீதம் பழம் இருந்தால் போதும். 200 மில்லி பாட்டிலில் 20 மில்லி. ஒரு கிலோ பெங்களூராவில் தோலும் கொட்டையும் போக ஏறத்தாழ அரைக் கிலோ கூழ் வரும். பத்து சதவீதக் கணக்கில் அது 25 பாட்டிலுக்குப் போதும். காய் கிலோ ஐந்து ரூபாய் என்றால் ஒரு பாட்டிலில் மாங்காயின் பங்கு 20 பைசா. சர்க்கரை, பாட்டில், மூடி, லேபிள், லாரி, விளம்பரம் எல்லாம் சேர்ந்தால் அதைவிட மிக அதிகம். சில கம்பெனிகள் 10-க்கு மேலும் போடுகிறார்கள், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் நாட்டில் மாம்பழ பானம் எவ்வளவு விற்றாலும் அதில் கிருஷ்ணகிரிக்கு வருவது இந்த அளவுதான். மாங்காய் விலை இரண்டு மடங்கானால்கூடப் பாட்டில் விலையில் 20 பைசா கூட்டினால் போதும். பாதியானாலும் பாட்டில் விலை குறையாது. அதனால் பானக் கம்பெனிகளின் விற்பனை கூடினால் நமக்கும் விடியும் என்று நம்பிக்கொண்டிருப்பதை நாம் விட வேண்டும் என்பது என் கருத்து. நிர்வாகக் குழுவில் எல்லோரும் இதை ஏற்கவில்லை, அதையும் பதிவு செய்கிறேன்.

ஜாப் ஒர்க், அதாவது கம்பெனிகளுக்குக் கூலிக்குத் தயாரித்துத் தரும் வேலை, செய்யும் உறுப்பினர்களுக்கு வர வேண்டிய நிலுவை இந்த ஆண்டும் தீரவில்லை. உத்யம் (மத்திய அரசின் சிறு தொழில் பதிவு) உள்ள குறு, சிறு நிறுவனத்துக்கு 45 நாளுக்குள் பணம் தராவிட்டால், வேலை வாங்கிய கம்பெனி அந்தத் தொகையைப் பணம் தரும் ஆண்டில்தான் வருமான வரியில் செலவாகக் காட்ட முடியும் என்று 2024 ஏப்ரலிலிருந்து சட்டம் இருக்கிறது. நல்ல சட்டம்தான். ஆனால் நம்மில் ஒருவர் பில்லில் உத்யம் எண் போட்டதும், "அந்த நம்பரை எடுத்துட்டு வேற பில் குடுங்க, இல்லேன்னா அடுத்த சீசன் ஆர்டர் வேற ஆளுக்கு" என்று போனில் சொல்லியிருக்கிறார்கள். அவர் எடுத்துவிட்டார். நான் அவரைக் குறை சொல்ல மாட்டேன். தனி ஆளாக எதிர்த்து நிற்க முடியாது, எல்லோரும் எண்ணோடுதான் பில் போடுவது என்று இன்று ஒரு தீர்மானம் கொண்டுவருகிறோம்.

கூழைத் தவிர வேறு வழி பார்த்தவர்களும் இருக்கிறார்கள். மத்தூரில் இரண்டு பேர் காயாகவே வாங்கித் தொக்கு, வற்றல் போட்டார்கள். விலை விழுந்த ஆண்டில் அவர்களுக்கு மட்டும் கை நிறைய வேலை. குறு உணவு நிறுவனங்களுக்கான மத்திய அரசுத் திட்டத்தில் 2025-இல் தகுதியான திட்டச் செலவில் 35 சதவீதம், அதிகபட்சம் 10 லட்சம் மானியம் இருந்தது. நம் மாவட்டத்துக்கு அதில் மாம்பழம்தான் முதன்மைப் பொருள். விண்ணப்பம் போடுவதில் சிக்கல் இல்லை, மாவட்டத்தில் உதவிக்கு ஆளும் போட்டிருக்கிறார்கள். வங்கிக் கதவுதான் கனமாக இருக்கிறது. பிணை வேண்டாத கடனுக்கும் ஒரு கிளையில் பத்திரம் கேட்டார்கள். எழுத்தில் தாருங்கள் என்றதும் கேட்பதை நிறுத்திவிட்டார்கள். மற்றவர்களும் அப்படியே செய்யுங்கள்.

அடுத்தது ஜிஎஸ்டி. செப்டம்பர் 22 முதல் மாங்கூழ், பழச்சாறு பானம், மிக்சர், முறுக்கு, 20 லிட்டர் தண்ணீர் கேன் எல்லாம் 12 சதவீதத்திலிருந்து 5-க்கு வந்தன. நிம்மதி. ஆனால் பிளாஸ்டிக் உறைக்கு நாம் கட்டுவது இன்னும் 18. மிக்சர் போடுபவர்களுக்கு உறை வாங்கும்போது கட்டும் வரி அதிகம், விற்கும்போது வாங்கும் வரி குறைவு, மிச்சம் கணக்கிலேயே தங்குகிறது. பழைய விலை அச்சடித்த உறைகளை 2026 மார்ச் 31 வரை பயன்படுத்த அனுமதி தந்தார்கள். புதிய விலையை ஒட்டியோ முத்திரை குத்தியோ காட்டுங்கள். கடைக்காரர் பழைய விலைக்கே விற்றால் வாங்குபவர் திட்டுவது பாக்கெட்டில் இருக்கும் நம் பெயரைப் பார்த்துத்தான்.

சோடாக்காரர்களுக்குத்தான் இதில் வயிற்றெரிச்சல். இனிப்பு சேர்க்காத வெறும் சோடா 18-லிருந்து 5-க்கு இறங்கியது. அதே மெஷினில், அதே பாட்டிலில், கொஞ்சம் சர்க்கரைப் பாகும் பன்னீர் எசென்சும் விட்டால் 40 சதவீதம். முன்பு 28-ம் செஸ் 12-ம், இப்போது ஒரே 40. உலக அளவில் விற்கும் கோலாவுக்கும் ராயக்கோட்டை ரோட்டில் கை வண்டியில் போகும் பன்னீர் சோடாவுக்கும் ஒரே வரி. சிறு வியாபாரிகளுக்கான காம்பொசிஷன் என்ற எளிய வரித் திட்டத்திலும் இவர்கள் சேர முடியாது. இதற்கிடையில் ரிலையன்ஸ் தன் கேம்பா கோலா 200 மில்லியைப் பத்து ரூபாய்க்கு இறக்கியதும், பெரிய கம்பெனிகளும் போட்டிக்குப் பத்து ரூபாய்க்கு வந்துவிட்டன. குறைந்த விலை என்பதுதான் உள்ளூர் சோடாவின் ஒரே பலமாக இருந்தது. பெட்டிக்கடையில் அவர்கள் பிரிட்ஜையே இலவசமாக வைக்கிறார்கள், உள்ளே வேறு பாட்டில் வைக்கக் கூடாது என்ற நிபந்தனையோடு. சிறு தயாரிப்பாளருக்குத் தனி வரி அடுக்கு வேண்டும் என்று மாநில நிதித்துறைக்கு எழுதியிருக்கிறோம். பதில் இல்லை. ஜிஎஸ்டி கவுன்சில் இதை எடுக்கும் என்று எனக்குப் பெரிய நம்பிக்கையும் இல்லை. ஆனாலும் மறுபடி எழுதுவோம்.

தண்ணீர் கேன் உறுப்பினர்கள் கவனிக்க: 2024 நவம்பரிலிருந்து அடைக்கப்பட்ட குடிநீர் அதிக ஆபத்துள்ள உணவுப் பிரிவில் இருக்கிறது. ஐஎஸ்ஐ கட்டாயம் போய்விட்டது என்று சிலர் சந்தோஷப்பட்டார்கள். அதற்குப் பதிலாக உரிமத்துக்கு முன்பே சோதனை வருகிறது. நம் தருமபுரி, கிருஷ்ணகிரி நிலத்தடி நீரில் புளோரைடு இருப்பதால்தான் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டமே வந்தது. அது 2013-இல் ஓடத் தொடங்கிய பிறகும் ஜனங்கள் கேன் வாங்குவது நம்மை நம்பித்தான். தண்ணீரைச் சுத்திகரிக்கும் ஆர்ஓ மெம்பரேனை மாற்றாமல் ஓட்டுபவர் யார் என்று எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். இங்கே பெயர் சொல்லவில்லை.

எண்ணெய் விலையில் கொஞ்சம் ஆறுதல். 2024 செப்டம்பரில் ஏற்றிய இறக்குமதி வரியில் கச்சா பாமாயில், சூரியகாந்தி எண்ணெய்க்கான அடிப்படை வரியை மே 30-இல் 20-லிருந்து 10 சதவீதமாக்கினார்கள். அப்புறம், பழைய எண்ணெயைத் தயவுசெய்து தள்ளுவண்டிக்காரர்களுக்கு விற்காதீர்கள். பயோடீசலுக்கு எடுக்கும் வண்டி மாதம் ஒருமுறை வர ஏற்பாடு செய்திருக்கிறோம், லிட்டருக்குப் பணமும் தருகிறார்கள்.

ஆவாரம்பூ, செம்பருத்திப் பொடி விற்பவர்களுக்கு ஒரு சின்ன தகவல். தேயிலை இல்லாத எதற்கும் லேபிளில் டீ என்று போடக் கூடாது என்று டிசம்பர் 24-இல் உணவுப் பாதுகாப்பு ஆணையம் சொல்லியிருக்கிறது. புது லேபிள் அடிக்குமுன் அலுவலகத்தில் கேட்டுவிடுங்கள்.

ஊத்தங்கரை உறுப்பினர்களின் வெள்ள இழப்பீடு பற்றி. 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயல் மழை அங்கே ஒரே நாளில் 50 சென்டிமீட்டர் கொட்டியதில் சரக்கு நனைந்தவர்களில் பாதிப் பேருக்குத்தான் இன்சூரன்ஸ் பணம் வந்தது. மற்றவர்களின் பாலிசி கட்டடத்துக்கு மட்டும் இருந்தது, சரக்குக்கு இல்லை. எல்லோரும் வீட்டுக்குப் போனதும் பாலிசியை எடுத்துப் படித்துப் பாருங்கள்.

வரவு செலவு தணிக்கை செய்து அச்சிட்டு உங்கள் கையில் கொடுத்திருக்கிறோம். கேள்விகளைப் பொருளாளரிடம் கேட்கலாம், அவர் தயாராகத்தான் வந்திருக்கிறார். மண்டபத்தைக் குறைந்த வாடகைக்குத் தந்தவருக்கும், லேபிள் வகுப்பு எடுத்த உணவுப் பாதுகாப்பு அலுவலருக்கும், ஆண்டு முழுவதும் ஜிஎஸ்டி சந்தேகங்களுக்கு இலவசமாகப் பதில் சொன்ன தணிக்கையாளருக்கும் சங்கத்தின் நன்றி.

உத்யம் எண் தீர்மானமும் சந்தா உயர்வுத் தீர்மானமும் இதையடுத்து வாக்கெடுப்புக்கு வருகின்றன. இரண்டும் முடிந்த பிறகுதான் சாப்பாடு. இந்த அறிக்கையைப் பொதுக்குழு ஏற்று ஒப்புதல் தரும்படி கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்
கிருஷ்ணகிரி