உயெனோவில் இறங்கிய அக்காக்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

போருக்குப் பின் ஜப்பான் கல்வியால் தலைநிமிர்ந்ததைப் பற்றி ஞாயிறு இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். நல்ல கட்டுரைதான். ஆனால் பையன்கள் படித்தார்கள், நாடு உயர்ந்தது என்று இருக்கிறதே தவிர, யார் சம்பாத்தியத்தில் படித்தார்கள் என்று ஒரு வரிகூட இல்லை.

1994-ல் என் கணவரின் வேலைக்காக ஜப்பானில், டோக்கியோவை ஒட்டிய சைத்தாமாவில் இரண்டு வருடம் குடியிருந்தோம். வீட்டுக்கார அம்மா வடக்கே இருக்கும் அவோமோரிக்காரர். அப்பா போரில் இறந்துவிட்டார். வீட்டில் அம்மா, இவர், மூன்று வயது இளைய தம்பி. கணக்கில் வகுப்பிலேயே இவர்தான் முதலாம். மேலே படிக்க வையுங்கள் என்று வாத்தியார் வீடு தேடி வந்தபோது, அம்மா குனிந்த தலை நிமிராமல் அழுதிருக்கிறார். அந்த அம்மாவை நான் குறை சொல்ல மாட்டேன். அன்றைக்கு ஜப்பானில் ஏறத்தாழ பாதிப் பிள்ளைகள்தான் உயர்நிலைப் பள்ளிக்கே போனார்கள். 9 வருடக் கட்டாயப் படிப்பு முடிந்ததும், 1957-ல், 15 வயதில், வேலைக்குப் போகும் பிள்ளைகளுக்கென்றே விட்ட ரயிலில் ஏறி டோக்கியோவின் உயெனோ நிலையத்தில் இறங்கினார். அந்தப் பிள்ளைகளுக்குப் பின்னாளில் 'பொன் முட்டைகள்' என்று பெயர் வைத்தார்கள்.

நூற்பாலை விடுதியில் இருந்துகொண்டு மாதாமாதம் ஊருக்குப் பணம் அனுப்பினார். தம்பி முதல் தடவை நுழைவுத்தேர்வில் தேறவில்லை. 'சகுரா உதிர்ந்தது' என்று விடுதிக்குத் தந்தி வந்தது. சகுரா என்றால் செர்ரிப் பூ; பூத்தது என்றால் தேறியாயிற்று, உதிர்ந்தது என்றால் இல்லை. இன்னொரு வருடம் படித்து எழுதுபவர்களை அங்கே ரோனின் என்பார்கள், எசமான் இல்லாத சாமுராய் என்று அர்த்தம். நாலு மணி நேரம் தூங்கினால் தேறலாம், ஐந்து மணி நேரம் தூங்கினால் போச்சு என்று பிள்ளைகளை விரட்டுவார்கள். அந்த ஒரு வருடத்துக்காக இவர் தன் கல்யாணப் பேச்சைத் தள்ளிப்போட்டார். 1964-ல் 'சகுரா பூத்தது' என்று தந்தி. தேசியப் பல்கலைக்கழகத்தில் அப்போது வருடக் கட்டணம் 12,000 யென்தான். டோக்கியோவில் அறை வாடகையும் சாப்பாடும்தான் பெரிய செலவு. சரி, அதற்கும் அக்கா சம்பளம்தான்.

ஒருநாள் அலமாரியிலிருந்து தபால் ரசீதுக் கட்டை எடுத்துக் காட்டினார். பழுப்பேறிப் போன ரசீதுகள், பதினொரு வருடத்து ரசீதுகள், ஆலையில் மிஞ்சிய வெள்ளை நூலால் கட்டியிருந்தார். தம்பியிடம் காட்டினீர்களா என்று கேட்டேன். "எதற்கு? அவன்தான் படித்துவிட்டானே" என்றார்.

கட்டுரையின் அடுத்த பகுதி வரும் என்று போட்டிருக்கிறீர்கள். 1954 முதல் 1975 வரை அந்த ரயில்களில் வந்த பிள்ளைகளைப் பற்றியும் அதில் எழுதச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி