இருட்டுக்கும் சேத்துதான் டிக்கெட்

ஆசிரியர் அய்யாவுக்கு வணக்கம். போன ஞாயித்துக்கிழமை நம்ம பேப்பர்ல கதையே இல்லாத படங்களைப் பத்தி ஒருத்தர் எழுதியிருந்தாரு, கோடும் புள்ளியும் ஓடுது இதெல்லாம் ஒரு படமான்னு ஒரே கேலி, எனக்கு மனசு கேக்கல, அதான் எழுதுதேன். நான் பாளையங்கோட்டை பக்கம் ஒரு தியேட்டர்ல இருபது வருசத்துக்கு மேல ஆபரேட்டரா கெடந்தவன்.

பிலிம் புரொஜக்டர்ல செகண்டுக்கு 24 பிரேம், அதாவது 24 தனித்தனிப் படம் ஓடும். ஒரு பிரேம் எறங்கி அடுத்தது வந்து நிக்கதுக்குள்ள ஷட்டர்னு சுத்துற தகடு ஒண்ணு வெளிச்சத்தை மறைச்சிரும், பிரேம் நிக்கும்போதும் இன்னொரு தடவ மறைக்கும், இல்லைன்னா திரை படபடன்னு துடிக்கது கண்ணுக்குத் தெரிஞ்சிரும். ஆக செகண்டுக்கு 48 வெட்டு. கணக்குப் பாத்தா ரெண்டரை மணி நேரப் படத்துல ஒரு மணி நேரத்துக்குக் கிட்ட சனம் இருட்டைத்தான் பாத்துக்கிட்டு இருந்திருக்கு, அதுக்கும் சேத்துதான் டிக்கெட் வாங்குனோம்! படம் அசைஞ்சதெல்லாம் அவங்கவங்க மண்டைக்குள்ளதான்.

இதத்தான் அந்தக் கதையில்லாப் படம் எடுத்த ஆளுங்க கையில எடுத்தாங்க. ஆஸ்திரியாவுல பீட்டர் குபெல்கா 1960ல வெறும் கருப்பு பிரேம், வெள்ளை பிரேம் ரெண்டை மட்டும் கோத்து ஆறு நிமிசச் சொச்சம் ஓட்டுனாரு. அமெரிக்காவுல ஸ்டான் பிராக்கேஜ் 1963ல கேமராவே இல்லாம, செத்த அந்துப்பூச்சி றெக்கை, புல்லு, இலையெல்லாம் கண்ணாடி மாதிரி டேப்புக்கு நடுவுல ஒட்டி அதையே பிலிமாக்கிட்டாரு.

எனக்கு இது புதுசா தெரியல. ஒரு ஐப்பசி மழை ராத்திரி ஆபரேட்டர் ரூமுக்குள்ள ஈசல் மொய்ச்சு ஒரு றெக்கை, பிலிம் வெளிச்சத்துக்கு முன்னால நிக்கிற கேட்ல மாட்டிக்கிட்டு, திரை உசரத்துக்கு நரம்பு நரம்பா நடுங்கிக்கிட்டு நின்னுச்சு, கீழ ஒரே விசில், முதலாளி ஏச்சு வேற, நான் அத எடுக்க மனசில்லாம பாத்துக்கிட்டே நின்னேன். அதுக்குப் பொறவு எத்தனையோ வெள்ளிவிழா படம் ஓட்டியாச்சு, அந்த றெக்கை மாதிரி ஒண்ணும் மனசுல நிக்கல.

குறை சொல்லணும்னா வேற இருக்கு. டோனி கான்ராட் 1966ல எடுத்த இதே மாதிரி வெளிச்சம் துடிக்கிற படத்துல, வலிப்பு வரலாம், டாக்டர் ஒருத்தர் பக்கத்துல இருக்கணும்னு மொதல்லயே எழுத்துப் போட்டிருவாங்க. செகண்டுக்கு 15லருந்து 25 தடவ வெளிச்சம் வெட்டுனா சில பேருக்கு நெசமாவே ஆகாது. ரெண்டு மாசம் முன்னால இங்க ஒரு ஹால்ல அந்த மாதிரி ஒண்ணைப் போட்டாங்க, ஒரு வார்த்த சொல்லணுமே! எங்க அக்கா மவனுக்கு வலிப்பு உண்டு, டியூப்லைட்டு விட்டு விட்டு எரிஞ்சாலே எந்திச்சுப் போயிருவான், அவன் கண்ணைப் பொத்தி வெளிய இழுத்துட்டு வந்தேன். வாசல்ல ஒரு அட்டை எழுதி வைக்க என்ன செலவாவுதுன்னு கேலி எழுதுன உங்க ஆளு அந்த ஹால்காரங்ககிட்ட கேட்டு எழுதியிருக்கலாம்லா.

இப்படிக்கு,
ஒரு பழைய ஆபரேட்டர்,
பாளையங்கோட்டை