தம்பிக்கு, அந்த நோட்டு விஷயமா

தம்பி, அப்பாதான் எழுதுறேன். நல்லா இருக்கியா, வேளாவேளைக்கு சாப்பிடுறியா. போன் எடுக்க நேரமில்லன்னா பரவால்ல, இதையாவது படி. அம்மாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான் இருக்கு. செவல கன்னு போட்டுருக்கு, கிடேரி. மத்தபடி வீட்ல நம்ம குத்தகை நிலம் அந்த ஒம்போது மா பேச்சுதான்.

நிலத்துக்காரரு பெரியய்யா காரியம் முடிஞ்சு ஒரு மாசம் ஆகல, மெட்ராஸ்லேந்து அவரு பேரப்புள்ளைங்க வந்து வரப்புல நின்னு டேப்பு புடிச்சு அளந்துட்டு போனாங்க. நான் குத்தகைக்காரனே இல்லியாம், மேற்பார்வைக்கு வச்ச ஆளாம், மாசாமாசம் கூலி குடுத்தாங்களாம். தாத்தா ஏர் பூட்டுன நிலம்டா அது. அதுல ஒருத்தர் திருப்பூருக்கு உன்னய பாக்க வந்தாருன்னு மாமா சொன்னாரு. வந்தா வரட்டும், நான் அதப்பத்தி ஒன்னும் கேக்கல. எந்த பேப்பர்லயும் கையெழுத்து மட்டும் போட்டுடாத.

வக்கீல பாத்தேன். வாய்வார்த்தையா விட்ட குத்தகையும் குத்தகைதான், 1955 குத்தகைதாரர் பாதுகாப்பு சட்டத்துலயே இடமிருக்கு, ஆனா நீங்களோ உங்க குடும்பமோ உடம்பால பாடுபட்டு பயிர் வச்சிங்க, வருசாவருசம் குத்தகை அளந்திங்கன்னு காட்டணும்னாரு. யாரு பயிர் வச்சாங்கன்னு வருசாவருசம் எழுதுற அடங்கல் கணக்கு நகல் எடுத்தா, பாதி பசலி வருசத்துல பெரியய்யா பேர்தான் இருக்கு, நம்ம பேரு நாலஞ்சு பசலியிலதான். சொசைட்டியில வாங்குன பயிர்க்கடன் சீட்டு, கொள்முதல் நிலையத்துல நெல்லு போட்ட ரசீது எல்லாத்தையும் அம்மா அரிசிப் பானைக்கு பின்னாடிலேந்து எடுத்து குடுத்தா. 2017 வறட்சிக்கு ஏக்கருக்கு 5,465 ரூபா வந்துச்சில்ல, அது என் பாஸ்புக்குல ஏறியிருக்கு. அத பாத்ததும்தான் வக்கீல் முகம் தெளிஞ்சுது.

இந்த தை அறுப்புக்கு குத்தகை நெல்ல ஏத்திகிட்டு போனேன், வாங்க மாட்டோம்னு திருப்பி அனுப்பிட்டாங்க. நான் சும்மா வந்திருப்பேன். வாங்காம விட்டுட்டு நாளைக்கு குத்தகை பாக்கின்னு சொல்லியே வெளியேத்த மனு போடுவாங்க, அதுக்குண்டான பணத்த வருவாய் கோர்ட்டுல கட்டுங்கன்னு வக்கீல்தான் சொன்னாரு. கட்டிட்டேன். நீ படிச்சவன், நீ பக்கத்துல இருந்திருந்தா இதெல்லாம் நான் ஊரார்கிட்ட கேட்டுகிட்டு நிப்பனா. சரி, உன் வேலை உனக்கு. லைன் சூப்பர்வைசர் ஆயிட்டியாமே, மாமா சொல்லித்தான் தெரியும், அம்மா தெருவுக்கே சொல்லிட்டா.

கையெழுத்து விஷயம் ஞாபகம் வச்சுக்க. ஆதார் நகல் கேட்டாலும் குடுக்காத. குத்தகை உரிமை எனக்கு அப்பறம் உனக்கு வரக்கூடியதுங்கறதாலதான் உன்ன தேடி வராங்க.

இத எழுத உக்காந்தது வேற ஒன்னுக்கு தம்பி. 2009ல, பன்னெண்டாவது முடிச்ச லீவுல, நீ தாலுகா ஆபீஸ் போயி ஒரு ஃபாரம் வாங்கிட்டு வந்த. 1969 சட்டம் இருக்குப்பா, நம்ம பேர குத்தகை பதிவேட்ல ஏத்திரலாம், தாசில்தார் விசாரிச்சு எழுதுவாருன்ன. பெரியய்யா திண்ணையில உக்காந்திருக்காரு, அவரு காதுபடவே சொன்ன. நான் அத வாங்கி நாலா கிழிச்சு, உன்ன அறைஞ்சேன். சோறு போடுறவங்க மேல சந்தேகமான்னு கேட்டேன். நீ அழுவல, சைக்கிள எடுத்துகிட்டு போயிட்ட. நீ சொன்னது சரி, நான் செஞ்சது தப்பு. அவரு முகம் கோணிடுமேன்னு நெனச்சேனே தவிர உன் முகத்த நான் பாக்கல. இப்ப அதே ஃபாரத்த நானே வாங்கி எழுதிக் குடுத்துருக்கேன், அவங்க ஆட்சேபணை போட்டுருக்காங்க, இருவதாம் தேதி விசாரணை.

வக்கீல் கேட்டது அளந்த கணக்கு. நீ ஆறாவது படிக்கறப்பலேந்து என்கூட வண்டியில வந்து கட்டம் போட்ட நோட்டுல எழுதுவியே, "அளந்தது 18 மூட்டை, பதர் கழிவு அரை"ன்னு, கீழ பெரியய்யாவே ஒவ்வொரு வருசமும் இனிஷியல் போட்டு குடுப்பாரே, புள்ள ஆசைக்குன்னு சிரிச்சுகிட்டே. அந்த நோட்டு உன் பச்சை ட்ரங்குப் பெட்டியிலதான் இருக்கணும். பூட்டியிருக்கு. உன் பெட்டிய உடைக்க எனக்கு மனசு வரல.

சாவி எங்க வச்சிருக்கன்னு ஒரு வார்த்தை சொல்லு. போன்லதான்னு இல்ல, எழுதி அனுப்புனாலும் போதும்.

அப்பா