கதைச் சுருக்கம் இல்லாத படத்துக்கும் அனுமதி தாருங்கள்

மலையில் படப்பிடிப்புக்கு அனுமதி தரும் அதிகாரிகளுக்கு,

வணக்கம். என் விண்ணப்பம் மூன்றாவது முறையாகத் திரும்பி வந்திருக்கிறது. காரணம் உங்களுக்கே தெரியும்: ‘கதைச் சுருக்கம் இணைக்கப்படவில்லை.’

ஐயா, என் படத்தில் கதை கிடையாது. நடிகர், விளக்கு, ஜெனரேட்டர், கேரவன் எதுவும் கிடையாது. நான் ஒருவன், கையில் சின்ன கேமரா, அவ்வளவுதான். ஊட்டியிலிருந்து மஞ்சூர் வழியாகக் கிண்ணக்கொரை போகும் பஸ்ஸில் ஏறி, நடப்பதை நடந்தபடியே எடுக்கிறேன். யாரையும் பேச வைப்பதில்லை, திரும்பி நிற்கச் சொல்வதில்லை. தோளில் தூக்கும் கேமராவும் கூடவே ஒலிப்பதிவும் கைக்கு வந்த 1960-களிலிருந்து உலகமெங்கும் இப்படிப் படம் எடுக்கிறார்கள். உங்கள் படிவத்தில் இன்னும் அதற்கு இடமில்லை.

போன மாதம் நடந்ததைச் சொல்கிறேன். மஞ்சூருக்கு அப்பால் ஒரு நிறுத்தத்தில், காலையில், ஒரு பாட்டி மருந்துச் சீட்டை நான்காக மடித்து, உள்ளே பணம் வைத்து, ரப்பர் பேண்ட் போட்டுக் கண்டக்டரிடம் கொடுத்தார். அவர் அதைச் சட்டைப்பையில் பேனாவுக்குப் பின்னால் செருகிக்கொண்டார். சாயங்காலம் திரும்பும்போது மூடுபனியில் நிறுத்தமே தெரியவில்லை. டிரைவர் பழக்கத்தில் நிறுத்தினார். ஜன்னல் வழியாக மாத்திரைக் கவர் கைமாறியது. பாட்டி அதைப் பிரிக்கவில்லை. கவருக்கு மேலேயே கட்டைவிரலால் அழுத்தி அழுத்தி அட்டைகளை எண்ணினார். “எடுத்துக்கோ தம்பி” என்று காலையிலேயே எனக்குச் சம்மதம் சொல்லியிருந்தார்.

அன்று இரவு, வழியில் சோதனை செய்தவர் அனுமதிக் கடிதம் கேட்டார். விண்ணப்பம் நிலுவையில் இருக்கிறது என்றேன். தன் கண்ணெதிரே கேமராவின் மெமரி கார்டை அழிக்கச் சொன்னார். அழித்தேன். “நாளைக்கு மறுபடி எடுத்துக்குங்க, என்ன குறைஞ்சு போச்சு?” என்றார்.

மறுபடி எப்படி எடுப்பது? பாட்டியை இன்னொரு நாள் நிற்க வைத்து இன்னொரு கவரைக் கொடுத்தால் அது நாடகம்.

நான் கேட்பது ஒன்றுதான். தனி ஆளாக, பொதுச் சாலையிலும் பஸ்ஸிலும் படமெடுப்பவர்களுக்குக் கதைச் சுருக்கம் கேட்காத ஒரு பக்கப் படிவம் கொடுங்கள். முதுமலைக் காப்பகத்துக்குள் தனி அனுமதி வேண்டும் என்பது நியாயம். நான் அங்கே போகவில்லை, டிரோனும் பறக்கவிட்டதில்லை.

1908-ல் ஊட்டிக்கு வந்து சேர்ந்த மலை ரயிலை, அது 2005-ல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியதற்கு முன்னும் பின்னும், எத்தனையோ பேர் எடுத்துவிட்டார்கள். பூங்காவில் பாட்டுக்கு ஆட அனுமதி கிடைக்கிறது. இந்த மலையைப் பூவும் பனியுமாகவே காட்டிக் காட்டி, இங்கே ஒரு அட்டை மாத்திரைக்கு ஒரு பகல் முழுக்கக் காத்திருக்கிறார்கள் என்பது கீழே இருப்பவர்களுக்குத் தெரியாமலே போய்விட்டது. இது எனக்குப் பொறுக்கவில்லை.

கோபத்தில் அதிகம் எழுதியிருந்தால் மன்னியுங்கள். அந்த ஒரு பக்கப் படிவம் வரும்வரை, விசாரிக்காமல் யாருடைய கார்டையும் அழிக்கச் சொல்ல வேண்டாம் என்றாவது உத்தரவிடுங்கள்.

அடுத்த வாரம் நான்காவது முறையாக விண்ணப்பிக்கிறேன். கதைச் சுருக்கத்துக்கான கட்டத்தில் ‘கிண்ணக்கொரை பஸ்’ என்று எழுதியிருப்பேன். தயவுசெய்து ஏற்றுக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
தனியாகப் படமெடுக்கும் ஒருவன்