‘தானாக நடந்த’ அத்தியாயத்தை நடத்திக்கொடுத்தவர்களுக்கு நன்றி

எல்லாருக்கும் வணக்கம்.

எங்கள் அலுவலக நகைச்சுவைத் தொடரின் ரியாலிட்டி ஷோ அத்தியாயம் வெளியாகி, பாராட்டும் திட்டும் வந்து ஒருவழியாக ஓய்ந்திருக்கிறது. கடைசியில் ஓடும் பெயர்ப் பட்டியலை யாரும் பார்ப்பதில்லை, மற்றவர்கள் எடுத்ததில் நானும் பார்ப்பதில்லை, அதனால் நன்றியைத் தனியாகவே எழுதிவிடுகிறேன். பெயர் போட வேண்டாம் என்று பாதிப் பேர் கேட்டுக்கொண்டார்கள் (அவரவர் மேலாளர் பார்த்துவிடுவாராம்). எனவே செய்த வேலையை வைத்தே கூப்பிடுகிறேன், உங்களைத்தான் சொல்கிறேன் என்று உங்களுக்குத் தெரிந்துவிடும்.

பார்க்காதவர்களுக்காக இரண்டு வரி. அதே அலுவலகம், அதே ஆட்கள், ஆனால் இந்த ஒரு அத்தியாயம் மட்டும் தலைப்பு இசையிலிருந்து கடைசி வரை ஒரு ரியாலிட்டி ஷோவாகவே ஓடும். பிரிண்டரில் பேப்பரைச் சிக்கவைத்துவிட்டுச் சொல்லாமல் போனது யார் என்பதுதான் கதை. காலாண்டு மதிப்பீட்டுக் கூட்டம் எலிமினேஷன் சுற்றாகிவிடும், ஜெராக்ஸ் அறை கன்ஃபெஷன் ரூம் ஆகிவிடும்.

முதல் நன்றி, இப்படி ஒன்றைச் செய்யலாம் என்று காட்டிய நண்பருக்கு. இது நாங்களாக யோசித்தது இல்லை. 30 ராக் என்ற அமெரிக்கத் தொடர், தொலைக்காட்சி நிறுவனத்தில் வேலை பார்ப்பவர்களைப் பற்றியது, அதில் 2011 மார்ச்சில் ‘குவீன் ஆஃப் ஜோர்டன்’ என்று ஒரு அத்தியாயம் வந்தது. வழக்கமான தலைப்பே கிடையாது, ஒரு நடிகரின் மனைவி நடத்தும் ரியாலிட்டி ஷோவைத்தான் நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்ற பாவனையிலேயே முழுதும் போகும். கேமராவில் ஒருமுறை கேவலமாகப் பதிவாகிவிட்ட பெரிய அதிகாரி, அதைச் சரிசெய்யப் போய்ப் போய் இன்னும் கேவலமாகிக்கொண்டே இருப்பார். நண்பர் அதைப் போட்டுக்காட்டிவிட்டு ஒன்றுதான் சொன்னார்: “கதாபாத்திரங்களைக் கிண்டல் பண்ணாதீங்க, அவங்களை வெட்டி ஒட்டுற கையைக் கிண்டல் பண்ணுங்க.” ஸ்கிரிப்ட் எங்கேயாவது முட்டிக்கொண்டு நின்றபோதெல்லாம் இந்த வாக்கியத்துக்குத்தான் திரும்பிப் போனோம்.

அவரே இன்னொன்றையும் கவனிக்க வைத்தார். அலுவலக நகைச்சுவைக்கும் ரியாலிட்டி டிவிக்கும் பழைய சொந்தம் உண்டு. 2001ல் பிபிசியில் வந்த ‘தி ஆஃபீஸ்’, அதற்கு முந்தைய சில வருடங்களாக பிரிட்டனில் விமான நிலையம், டிரைவிங் ஸ்கூல் என்று சாதாரண ஆட்களின் வேலையிடத்துக்குள் கேமராவைக் கொண்டுபோன நிகழ்ச்சிகளைப் பார்த்துத்தான் பிறந்தது. அதன் 2003 கிறிஸ்துமஸ் சிறப்பு அத்தியாயங்களில் அந்த அலுவலகத்தின் மேலாளர், படமெடுக்க வந்தவர்கள் வெட்டி ஒட்டித் தன்னைக் கோமாளியாகக் காட்டிவிட்டார்கள் என்று புலம்பிக்கொண்டே இருப்பார். அதில் வேடிக்கை, வெட்டாமல் காட்டியிருந்தாலும் அவர் அப்படித்தான் இருந்திருப்பார்.

அடுத்தது எங்கள் எடிட்டர் தம்பி. இந்த மடல் பாதிக்கு மேல் அவனுக்குத்தான், மற்றவர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம். அவன் முன்பு ஒரு ரியாலிட்டி நிகழ்ச்சியில் உதவி எடிட்டராக இருந்தவன், எது என்று சொல்ல மாட்டான், நாங்களும் கேட்கவில்லை. முதல் நாள் லேப்டாப்பைத் திறந்து, எங்கள் அக்கவுண்ட்ஸ் கதாபாத்திரமாக நடிக்கும் அக்கா பேசிய ஒரு துண்டை எடுத்தான். “அவர் மேல எனக்குக் கோபமே இல்லை, இந்தப் பிரிண்டர் மேலதான் கோபம்” என்பது வசனம். நடுவில் இருந்ததைத் தூக்கிவிட்டு “அவர் மேல எனக்கு” என்பதையும் “கோபம்” என்பதையும் ஒட்டினான். ஒட்டிய இடத்தில் அக்காவின் முகத்துக்குப் பதிலாக மூடிக்கொண்டிருக்கும் ஒரு கதவின் ஷாட்டை வைத்தான், உதடு காட்டிக்கொடுத்துவிடும் அல்லவா. கீழே அறையின் வெறும் சத்தத்தை மெல்ல ஓடவிட்டான். அவ்வளவுதான், இருபது வருடப் பகை ஒன்று எங்கள் கண்ணெதிரே பிறந்துவிட்டது. இதற்கு அந்தத் தொழிலில் ஃபிராங்கன்பைட் என்று பெயர். இனிமேல் எந்த நிகழ்ச்சியிலாவது ஒருவர் பேசிக்கொண்டிருக்கும்போது பாதி வாக்கியத்தில் முகம் போய், குரல் மட்டும் ஓடி, சம்பந்தமில்லாமல் ஒரு செடியோ கதவோ வந்தால் கொஞ்சம் சந்தேகப்படுங்கள். எல்லாமே ஒட்டு என்று சொல்லவில்லை, ஆனால் ஒட்டுக்கு வசதியான இடம் அதுதான்.

அவன் கற்றுக்கொடுத்த இன்னொன்று, கடன் வாங்கிய முறைப்பு. யாரோ ஒருவர் எப்போதோ எதையோ பார்த்து முகம் சுளித்திருப்பார், அதை வேறொருவரின் பேச்சுக்குப் பிறகு வைத்தால் பொறாமை ஆகிவிடும். எங்கள் அத்தியாயத்தில் எல்லாரும் சிரித்த அந்தப் பார்வை இருக்கிறதே, பதவி உயர்வு அறிவிப்புக்கு அக்கா கொடுக்கிற பார்வை, அது உண்மையில் ஸ்டேப்ளரில் பின் மாட்டிக்கொண்டு வராதபோது எடுத்தது. அக்கா நடிக்கவே இல்லை. கேமரா ஓடுவதே அவருக்குத் தெரியாது. பிறகு காட்டி அனுமதி கேட்டோம், விழுந்து விழுந்து சிரித்துவிட்டு “போட்டுக்கோங்க” என்றார். அக்கா, அந்த ஒரு வார்த்தைக்கும், அரை நாள் விடுப்பு போட்டு வந்து ஜெராக்ஸ் அறையின் வெக்கையில் உட்கார்ந்ததற்கும் என்ன சொல்லி நன்றி சொல்வது என்று தெரியவில்லை.

கன்ஃபெஷன் காட்சிகளைப் பற்றித் தனியாகச் சொல்லியே ஆக வேண்டும், ஏனென்றால் அங்கே எங்களுக்கு உதவிய தோழி திரையில் எங்குமே வரவில்லை. ஒரு நிகழ்ச்சியில் போட்டியாளராக இருந்தவர் அவர். மாலை முழுக்க எங்களோடு உட்கார்ந்து, பேட்டி எப்படி எடுப்பார்கள் என்று நடித்தே காட்டினார். கேள்வி கேட்பவரின் குரல் வராது, அதனால் கேள்வியையும் சேர்த்தே பதில் சொல்லச் சொல்வார்கள். நேற்று நடந்ததை இப்போது நடப்பது மாதிரி, “நான் உள்ளே போறேன், அவர் என்னைப் பார்க்கிறார்” என்று நிகழ்காலத்தில் பேசச் சொல்வார்கள். வேறொரு நாள் எடுத்தாலும் அதே சட்டை, அதே தலைவாரல். பிடித்த பதில் வரும்வரை அதே கேள்வியைச் சுற்றிச் சுற்றி வேறு வேறு விதமாகக் கேட்டுக்கொண்டே இருப்பார்கள், கடைசியில் விட்டால் போதும் என்று எதையாவது சொல்லிவிடுவோம், அந்த ‘எதையாவது’தான் ஒளிபரப்பாகும் என்றார். இதை அவர் சிரித்துக்கொண்டேதான் சொன்னார், ஆனால் எங்களில் யாருக்கும் சிரிப்பு வரவில்லை. எங்கள் இன்டர்ன் பையன் “பிரிண்டரை நான் தொடவே இல்லை” என்று ஆரம்பித்து, நான்காவது கேள்வியில் “தொட்டிருக்கலாம்” என்று வந்து, கடைசியில் கண் கலங்கி, நடக்காத குற்றத்தையே ஒப்புக்கொள்வானே, அந்தக் காட்சி அப்படியே அவருடையது. கண்ணீர் வருவதற்குக் கொஞ்சம் முன்னாலேயே கேமரா மெதுவாக நெருங்கத் தொடங்க வேண்டும், அது எப்போது வரும் என்று நிகழ்ச்சி எடுப்பவர்களுக்குத் தெரியும் என்று சொன்னதும் அவர்தான். வந்த பின்னூட்டங்களில் அதிகம் பேசப்பட்டது அந்த ஜூம்தான், தோழி.

கேமரா பிடித்த அண்ணனுக்கு. உங்களுக்கு நாங்கள் கொடுத்த வேலை கொடுமையானது. வழக்கமாக நம் தொடரில் கேமரா கூச்சப்பட்டு ஓரமாக நிற்கும். இதில் அது கண்ணாடிக் கதவுக்குப் பின்னாலிருந்து எட்டிப்பார்க்க வேண்டும், கழிப்பறை வாசல் வரை துரத்த வேண்டும், ஒருவர் திரும்பினால் நாடகம் என்று பாய வேண்டும். யதார்த்தமாகத் தெரிவதற்காக அளவோடு தடுமாறச் சொன்னோம், வேண்டுமென்றே ஃபோகஸ் தவறச் சொன்னோம். நன்றாகப் படம்பிடிக்கத் தெரிந்த ஒருவரிடம் போய்ச் சரியான அளவில் மோசமாக எடுங்கள் என்று கேட்பதற்கே ஒரு தைரியம் வேண்டும், நீங்கள் முறைத்த முறைப்பையும் எடிட்டர் தம்பி கடன் வாங்கியிருப்பான், நல்லவேளை அந்தப் பக்கம் கேமரா இல்லை.

ஒலிப்பதிவு நண்பருக்கு: மேலாளர் காலர் மைக்கைக் கழற்ற மறந்துவிட்டு லிஃப்டில் தனியாக நின்று தனக்குத்தானே பேச்சுப் பயிற்சி எடுக்கும் காட்சி உங்கள் யோசனை. மைக் மாட்டியிருப்பதைப் போட்டியாளர்கள் மறந்துவிடுவது அந்த நிகழ்ச்சிகளுக்கு எவ்வளவு பெரிய வரம் என்று நீங்கள் சொன்னபோதுதான் எங்களுக்கு உறைத்தது. சட்டை உரசும் சத்தத்தை எடுக்காமல் விட்டீர்களே, அதுதான் அந்த இடத்துக்கு உயிர்.

குரல் கொடுத்த ஐயா ஒரு நிறுவனத்தின் தொலைபேசியில் “உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியம்” என்று சொல்கிறவர். அதே அமைதியோடு “இன்றிரவு... ஒருவர்... இந்த அலுவலகத்தைவிட்டு... வெளியேறுவார்” என்றபோது ஸ்டுடியோவே உருண்டது. எலிமினேஷன் அறிவிப்பில் வரும் இடைவெளியை உங்களால்தான் அவ்வளவு இழுக்க முடிந்தது. விளம்பரத்துக்கு முன்னால் நிறுத்தி, விளம்பரத்துக்குப் பின்னால் முன்பு சொன்னதையே மறுபடி சொல்லி, கடைசியில் “யாரும் வெளியேறவில்லை, இந்த வாரக் கூட்டக் குறிப்பை நீங்கள் எழுத வேண்டும்” என்று முடித்தீர்கள். எத்தனை அலுவலகங்களில் அது மரண தண்டனைக்குச் சமம் என்று பார்த்தவர்கள் எழுதியிருக்கிறார்கள்.

வக்கீல் நண்பருக்கும் ஒரு கும்பிடு. போட்டியாளர்கள் கையெழுத்திடும் சம்மதப் பத்திரத்தைக் கிண்டலாக எழுதித் தாருங்கள் என்று கேட்டோம். அவர் உண்மையான பத்திரங்களில் என்ன இருக்கும் என்று எடுத்துச் சொன்னார்: உங்களைப் பற்றிக் காட்டப்படுவது சங்கடமாகவும் இழிவாகவும் இருக்கலாம், கற்பனையாகக்கூட இருக்கலாம், அதற்கும் சம்மதம் என்கிற மாதிரியான வரிகள் அங்கே சகஜம். இதற்குமேல் நான் என்ன கிண்டல் பண்ணுவது என்று கேட்டார். கடைசியில் எழுத்தின் அளவை மட்டும் சிறிதாக்கி அப்படியே பயன்படுத்திக்கொண்டோம்.

வார இறுதியில் தளத்தைத் திறந்துவிட்டவர்கள், லிஃப்டை நிறுத்திவைத்துக் கொடுத்த காவலாளி அண்ணன், பேப்பரை நிஜமாகவே சிக்கவைத்து நிஜமாகவே எடுத்துக்கொடுத்த பிரிண்டர் மெக்கானிக், எல்லாருக்கும் நன்றி.

திட்டியவர்களுக்கும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். இந்த நிகழ்ச்சிகளை ரசித்துப் பார்க்கிறவர்களை மட்டம் தட்டிவிட்டீர்கள் என்று சிலர் எழுதினார்கள். நாங்களும் ரசித்துப் பார்க்கிறவர்கள்தான். நாம் பிக் பாஸ் என்று பார்ப்பதன் மூல நிகழ்ச்சி 1999ல் நெதர்லாந்தில் ‘பிக் பிரதர்’ என்று தொடங்கியது, அந்த வரலாற்றையெல்லாம் மெனக்கெட்டுப் படித்தவர்கள் நாங்கள். எங்கள் சண்டை, இதை யாரும் எழுதவில்லை, தானாக நடந்தது என்கிற அந்த ஒரு பாவனையோடு மட்டும்தான். கதை எங்கே திரும்ப வேண்டும் என்று உட்கார்ந்து யோசிப்பவர்கள் அங்கேயும் இருக்கிறார்கள். 2006ல் ‘அமெரிக்காஸ் நெக்ஸ்ட் டாப் மாடல்’ நிகழ்ச்சியின் கதைப் பிரிவில் இருந்தவர்கள், எங்களுக்கும் எழுத்தாளர் சங்கத்தின் பாதுகாப்பு வேண்டும் என்று வேலைநிறுத்தம் செய்தார்கள். வேலை போனதுதான் மிச்சம். அவர்கள் கதையை எடிட்டர் தம்பிதான் சொன்னான், அவன் வேலை பார்த்த நிகழ்ச்சியிலும் அவன் பெயர் ஒருமுறைகூட வரவில்லையாம்.

அதனால்தான் இந்த அத்தியாயத்தில் பெயர்ப் பட்டியலை வேகமாக ஓட்டாமல், படிக்கிற வேகத்தில் விட்டிருக்கிறோம். பெயர் வேண்டாம் என்றவர்களுக்கு அவர்களே கேட்டுக்கொண்டபடி ‘ஸ்டேப்ளர் பார்வை’, ‘லிஃப்ட் நிறுத்தம்’ என்று வேலை மட்டும் வரும். யாராவது விடுபட்டிருந்தால் தயங்காமல் சொல்லுங்கள், சேர்த்து மறுபடி ஏற்றிவிடுகிறோம்.

அப்புறம், எலிமினேஷன் காட்சியில் மேலாளர் போட்டிருந்த அந்த மின்னுகிற கோட்டு வாடகைக்கு எடுத்தது. யார் கொண்டுபோனீர்களோ, தயவுசெய்து திருப்பிக் கொடுத்துவிடுங்கள், கடைக்காரர் தினமும் அழைக்கிறார்.