சி.எஸ்.ஆர். ரசீதோடு நின்றுவிடாதே, மச்சான்

அன்பு மச்சான்,

உன் கடிதம் வந்தது. தம்பிக்குக் கைக்கட்டு இன்னும் பிரிக்கவில்லை என்று படித்ததிலிருந்து மனசே சரியில்லை. வழித்தடத் தகராறில் நாலு பேர் சேர்ந்து அடித்து எலும்பை முறித்திருக்கிறார்கள், ஜி.எச்.சில் ஏ.ஆர். (காயத்தைக் குறித்துவைக்கும் விபத்துப் பதிவேடு) போட்டிருக்கிறார்கள், ஸ்டேஷனிலோ ஒரு சி.எஸ்.ஆர். ரசீதைக் கொடுத்து "இது சிவில் மேட்டர், ஊருல பேசி முடிச்சுக்கோங்க" என்று அனுப்பிவிட்டார்கள். பாதை யாருக்குச் சொந்தம் என்பது சிவில், சரி. கையை முறித்தது எப்படி சிவில் ஆகும்?

அந்த ரசீதைப் பார்த்துவிட்டு வழக்குப் போட்டாகிவிட்டது என்று அம்மா நம்பிக்கொண்டிருப்பதாக எழுதியிருந்தாய். அவரிடம் பக்குவமாகச் சொல்லிவிடு. மனு வந்து சேர்ந்ததற்குத்தான் சி.எஸ்.ஆர்.; எஃப்.ஐ.ஆர். போட்டால்தான் புலன்விசாரணையே ஆரம்பம். எலும்பு முறிந்தால் அது கொடுங்காயம், பிடியாணை இல்லாமலே கைது செய்யக்கூடிய குற்றம். புகாரில் அப்படிப்பட்ட குற்றம் தெரிந்தால் வழக்குப் பதிவு செய்தே ஆக வேண்டும் என்று 2013இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. அதற்குப் பிறகும் நான் குமாஸ்தாவாக இருக்கும் வக்கீல் ஆபீசுக்கு இதே குறையோடு ஆள் வராத வாரம் இல்லை. ஸ்டேஷன் தானாகச் செய்ய வேண்டிய வேலைக்கு, கூலிக்குப் போகிறவர்கள் அன்றைய சம்பளத்தை விட்டுவிட்டு, வக்கீலுக்குக் கடன் வாங்கிக் கொடுத்து உத்தரவு வாங்கி வர வேண்டியிருக்கிறது. எத்தனை வருஷம் பார்த்தாலும் எனக்கு இது ஆறவே இல்லை.

உன் மாமா சொல்கிறபடி நேராகச் சென்னைக்குப் போய் ஹைகோர்ட்டில் மனுப் போட அவசரப்படாதே. கீழே வழி இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்று கேட்பார்கள்; 2007இல் சகிரி வாசு வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் அதைச் சொல்லியிருக்கிறது. முதலில் எஸ்.பி.க்குத் தபாலில் மனு, அனுப்பிய ரசீது பத்திரம். அதற்கும் அசையவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் பிரமாண வாக்குமூலத்தோடு மனு. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 156(3)ஆம் பிரிவு என்போமே, அதுதான். 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் வந்த புதுச் சட்டத்தில் (பி.என்.எஸ்.எஸ்.) 175(3) ஆகிவிட்டது.

இன்னொன்று. உத்தரவு வந்து எஃப்.ஐ.ஆர். போட்டதுமே ஜெயித்துவிட்டோம் என்று வீட்டுக்குப் போய்விடுகிறவர்கள்தான் அதிகம், வழக்குக் கட்டு அப்படியே ஸ்டேஷன் அலமாரியில் தூங்கும். விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்று 90 நாளுக்குள் புகார்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று அதே புதுச் சட்டத்தின் 193ஆம் பிரிவில் இருக்கிறது, அதைக் கேட்டு வாங்கு. விசாரணை ஒழுங்காக நடக்கிறதா என்று மாஜிஸ்திரேட் கண்காணிக்கலாம் என்பதும் அதே சகிரி வாசு தீர்ப்பில் உண்டு.

கோர்ட்டுக்குப் போனால் என்ன ஆகப்போகிறது என்று தம்பி சலித்துக்கொள்வதும் புரிகிறது. நம்ம அரூர்ப் பக்கத்து வாச்சாத்தியை அவனுக்குச் சொல். 1992 ஜூனில் வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் புகுந்து அந்த ஊரையே சூறையாடி, பெண்களைச் சீரழித்தார்கள். அதிகாரிகள் மீதே புகார் என்றால் யார் விசாரிப்பார்கள்? நீதிமன்றத்துக்குப் போய்ப் போராடித்தான் 1995இல் சி.பி.ஐ. விசாரணையே கிடைத்தது. 2011 செப்டம்பரில் தர்மபுரி கோர்ட் குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் உயிரோடு இருந்த 215 பேரையும் குற்றவாளிகள் என்றது, மற்ற 54 பேர் அதற்குள் செத்தே போயிருந்தார்கள். 2023இல் ஹைகோர்ட்டும் அதை உறுதி செய்தது. 31 வருஷம் அந்த மலையடிவாரத்துப் பெண்கள் சொன்ன சொல் மாறவில்லை. அவ்வளவு காலம் இழுத்தது அநியாயம்தான், ஆனால் அந்த மனு போடாமல் இருந்திருந்தால் ஒரு எஃப்.ஐ.ஆர். கூட உருப்படியாக நகர்ந்திருக்காது.

சரி, சனிக்கிழமை கிருஷ்ணகிரி வருகிறேன். எஸ்.பி. மனுவை நானே எழுதித் தருகிறேன். ஏ.ஆர். நகல், எக்ஸ்ரே, சி.எஸ்.ஆர். மூன்றையும் எடுத்து வை, அடித்ததைப் பார்த்தவர்கள் யார் யார் என்று தம்பியைக் கேட்டு எழுதி வை. அதுவரை சமாதானம் என்று யார் வந்தாலும் அவனை எந்தத் தாளிலும் கையெழுத்துப் போட விடாதே.

அம்மாவைக் கேட்டதாகச் சொல்.

உன் பழைய கூட்டாளி,
தர்மபுரி