ஐந்து படங்களில் ஒரு முகம்

அன்புள்ள கண்ணா,

மறுபடியும் டாக்டர் வேஷம்தான், இரண்டே சீன் என்று எழுதியிருந்தாய். எனக்கு உடனே மிகோலா ஹ்ரின்கோ என்ற நடிகர் ஞாபகம் வந்தது. உக்ரைனின் கெர்சன் நகரத்தில் 1920-இல் பிறந்தவர். நிகோலாய் கிரின்கோ என்று தேடினாலும் கிடைப்பார்.

இரண்டாம் உலகப் போரில் குண்டுவீச்சு விமானத்தில் ரேடியோ ஆபரேட்டராக இருந்துவிட்டு, சபோரிஜியா நாடக அரங்குக்கு வந்தவர். சினிமாவில் அவர் நன்றாகத் தெரிய வந்தபோது நாற்பது வயது தாண்டிவிட்டது. அப்புறம் கீவில் உள்ள தோவ்ஷென்கோ சினிமா ஸ்டுடியோவில் சேர்ந்து நூற்றுக்கும் மேற்பட்ட வேடங்கள் செய்தார். கர்னல், துறவி, விஞ்ஞானி, யாராவது ஒருவருக்கு அப்பா, இப்படித்தான்.

ஆனால் ஒன்றைக் கவனி. உலகமே கொண்டாடும் ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கி சோவியத் நாட்டில் எடுத்த ஐந்து முழுநீளப் படங்களிலும் இவர் இருக்கிறார். அப்படிப்பட்ட இயக்குநர் ஒரே நடிகரை விடாமல் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார் என்றால் காரணம் இல்லாமலா?

அவற்றில் 'சொலாரிஸ்' படத்தில் (1972) அவர் கதாநாயகனின் அப்பா. மகனாக நடித்த பானியோனிஸைவிட நிஜத்தில் நான்கு வயதுதான் மூத்தவர்! படம் பார்க்கும்போது அந்தச் சந்தேகமே எனக்கு வரவில்லை. விண்வெளிக்குக் கிளம்பும் மகன், வீட்டுக்கு வந்த பழைய நண்பரிடம் இரக்கமில்லாமல் பேசிவிடுகிறான். அப்பா அவனைக் கண்டிக்கிறார். பிரியப் போகிறோம் என்று தெரிந்தும் கோபிக்க வேண்டியிருக்கிறதே என்ற வலி அவர் முகத்தில் தெரியும். நரைமுடியை யாரும் ஒட்டிவிடலாம், அந்த வலியை ஒப்பனைக்காரரால் கொண்டுவர முடியாது.

'ஸ்டாக்கர்' (1979) இன்னும் பெரிய பாடம். மூன்று பேர் பயணம் போகிறார்கள், இவர் பேராசிரியர். எழுத்தாளராக வருபவர் பேசித் தள்ளுகிறார். இவர் தோள்பையைப் பத்திரமாகப் பிடித்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருக்கிறார். அந்தப் பையில் வெடிகுண்டு இருப்பது கடைசியில்தான் நமக்குத் தெரியும். அதற்குப் பிறகு இன்னொரு தடவை பார்த்தேன். முதல் தடவை சாதுவாகத் தெரிந்த மனிதர், இப்போது ஒவ்வொரு அடியிலும் ஒரு முடிவைச் சுமந்து நடக்கிறார். அவர் எதையும் மாற்றவில்லை, அது முதலிலிருந்தே அங்கே இருந்திருக்கிறது. வசனம் இல்லாத நேரத்திலும் நடித்துக்கொண்டிருந்த மனுஷர், கண்ணா.

சோவியத் நாட்டில் வீட்டுக்கு வீடு அவரைத் தெரிந்தது டிவியால்தான். பினோக்கியோவின் ரஷ்ய வடிவமான புராட்டினோ கதையில் மரக்கட்டையிலிருந்து பையனைச் செதுக்கும் கிழவர் கார்லோ அவர்தான். ஒதெஸ்ஸா ஸ்டுடியோ எடுத்த 'எலெக்ட்ரானிக்' தொடரில், ரோபோ பையனை உருவாக்கிவிட்டு அவன் ஓடிப்போனதும் பதறும் பேராசிரியர் குரோமவும் அவரே. குழந்தைகளுக்கான படம்தானே என்று கொஞ்சமும் குறைத்து நடிக்கவில்லை. 1973-இல் உக்ரைனின் மக்கள் கலைஞர் பட்டம் கிடைத்தது. 1989-இல் கீவில் காலமானார்.

ஷூட்டிங் இல்லாத நாளில் 'ஸ்டாக்கர்' பார். இரண்டரை மணி நேரத்துக்கு மேல் ஓடும், சாப்பிட்டுவிட்டு உட்கார். மற்ற இருவரும் பேசும்போது அவரையே பார்த்துக்கொண்டிரு. அப்புறம் எனக்குப் போன் பண்ணு, பேசலாம்.

அன்புடன்,
அம்மா